அச்சாகாத முப்பத்து மூன்றாம் பக்கம்

தல வரலாறு எழுதுவது என்றால், முன்பின் தெரியாத ஊருக்குப் போய், அங்கேயே பிறந்து வளர்ந்தவர்களிடம் அவர்கள் சாமியைப் பற்றி அவர்களுக்கே தெரியாததைச் சொல்லி, அவர்கள் வீட்டிலேயே சாப்பிட்டுவிட்டு வருகிற தொழில். அறுபதுகளின் கடைசியிலும் எழுபதுகளிலும் நான் இதைத்தான் செய்துகொண்டிருந்தேன். தருமபுரியில் காதர் பாய் நடத்திய சின்ன அச்சகத்தின் மூலையில் எனக்கு ஒரு ஸ்டூல் உண்டு. கும்பாபிஷேகத்துக்கு நோட்டீஸ் அடிக்க வருகிற ஊர்க்காரர்களிடம் பாய் என்னைக் காட்டி, "புலவர் இருக்கார், அப்படியே ஒரு புக்கும் போட்டுடலாமே" என்பார். புலவர் என்றது அவருடைய பெருந்தன்மை. புலவர் பரீட்சையில் நான் இரண்டு தடவை தவறினவன்.

எனக்கு ஒரு இடத்தில் உட்கார்ந்தால் பொறுக்காது. வாரத்தில் நாலு நாள் பஸ்ஸில் இருப்பேன், மீதி நாள் அடுத்த பஸ்ஸை நினைத்துக்கொண்டிருப்பேன். கல்யாணத்துக்கு வாழ்த்துமடல் எழுதிக் கொடுத்து, அதில் தாய்மாமன் பேர் விட்டுப்போய், பந்தலிலேயே வாங்கிக் கட்டிக்கொண்டவர்களும் இருப்பீர்கள். ஊர்ப் பள்ளிக்கூட மலருக்குக் கட்டுரை எழுதிவிட்டு ஒரு மாதம் தலைமறைவாகத் திரிந்தவர்களும் இருப்பீர்கள். நீங்களெல்லாம் என் கட்சி. உங்களை நம்பித்தான் இதைச் சொல்கிறேன். மற்றவர்களுக்கு என் வயிற்றெரிச்சல் புரியாது.

எத்தனை வருசத்துக் கோயில்?

மாரண்டஹள்ளிக்கு மேற்கே ஒரு ஊர். பேர் வேண்டாம், சொன்னால் இன்றைக்கும் அடிக்க வருவார்கள். அங்கே ஏரிக்கரையில் வெட்டவெளியில் ஆலமரத்தடியில் இருந்த முனியப்பனுக்குப் புதிதாகக் கல் மண்டபம் கட்டி, கும்பாபிஷேகத்துக்கு நாள் குறித்திருந்தார்கள். தர்மகர்த்தா நல்ல மனுஷர். கட்டில் போட்டு உட்காரவைத்து, சொம்பு நிறைய மோர் கொடுத்துவிட்டு, "எத்தனை வருசம்னு போடப் போறீங்க?" என்றார். நீங்கள்தான் சொல்ல வேண்டும் என்றேன். "எங்க அப்பாரு சின்ன வயசுலயே இருந்துச்சுங்க" என்றார். அப்படியானால் நூறு வருஷம் என்று வைத்துக்கொள்ளலாமா என்று கேட்டேன். அவ்வளவுதான். கூடியிருந்த ஏழெட்டுப் பேரும், நான் ஏதோ அவர்கள் குடும்பத்தைக் கேவலமாகப் பேசிவிட்டது மாதிரி முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். ஒருத்தர் முந்நூறு என்றார். இன்னொருத்தர் ஐந்நூறு என்றார். மாட்டுச் சந்தையில் விலை ஏறுவதுபோல ஏறி ஆயிரத்தில் வந்து நின்றது. "பக்கத்து ஊரு மாரியம்மன் புக்குல எண்ணூறுன்னு போட்டிருக்கான். நம்மளுது அதுக்குக் கீழ போனா, அந்த ஊருல பொண்ணு எடுக்க எந்த மூஞ்சிய வெச்சுக்கிட்டுப் போறது?" என்று தர்மகர்த்தா கேட்டார். அந்த மாரியம்மன் புத்தகத்தையும் எழுதியவன் நான்தான். சொம்பைத் தூக்கி மோரைக் குடித்தேன்.

ஆயிரம் வருஷம் என்றால் ராஜா இல்லாமல் நடக்காது. எங்கள் பக்கத்தில் அதற்குப் பஞ்சமில்லை. அதியமான்கோட்டை இருக்கிறது, அந்த வம்சத்தில் பேர் தெரியாத ஒரு சிற்றரசனைப் பிடித்துக்கொண்டால் யாரும் சண்டைக்கு வரமாட்டார்கள். அவன் வேட்டைக்கு வந்தான், குதிரையைத் தொலைத்தான், மூன்று நாள் காட்டில் அழுது அலைந்தான். நாலாம் நாள் காலையில் ஆலமரத்தடியில் குதிரை நிற்கிறது, கடிவாளத்தைப் பிடித்துக்கொண்டு முனியப்பன் நிற்கிறார். அந்த நன்றிக்கு ராஜா தன் கையாலேயே மண் பிசைந்து முதல் மண்குதிரையைச் செய்து வைத்தான். கோயில் வாசலில் வரிசையாக மண்குதிரைகள் நிற்பதை வரும்போதே பார்த்திருந்தேன், யோசனை அங்கிருந்து வந்தது. மோர் குடித்து முடிப்பதற்குள் கதை தயார். சத்தியமாகச் சொல்கிறேன், தர்மகர்த்தா துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"பாருங்க, நம்ம ஊருல இவ்வளவு நடந்திருக்குது, நமக்கு ஒருத்தரும் சொல்லலையே!"

பஸ் வருவதற்குள்

திரும்பிப்போக பஸ்ஸுக்கு நின்றேன். நின்றேன் என்பது பொய், நடந்தேன். பஸ் வருகிற வரைக்கும் புளியமரத்துக்கும் டீக்கடைக்கும் நடுவில் நடந்துகொண்டிருப்பது என் வழக்கம். அன்றைக்கு முழங்கை வரைக்கும் மண் காய்ந்திருந்த ஒரு அம்மாள் என் கூடவே நடந்து வந்தாள். நாற்பது வயது இருக்கும். காவேரியம்மா என்று பேர் சொன்னாள். நான் வாசலில் பார்த்த குதிரைகள் அவர்கள் வீட்டுக் குதிரைகள். ஆடிக்கு ஆடி முனியப்பனுக்கு ஒரு ஜோடிக் குதிரை செய்து, சூளையில் சுட்டு, கொண்டுபோய் நிறுத்துவது அந்த வீட்டு ஊழியம். புருஷன் செத்து ஆறு வருஷம் ஆகிறது, ஆறு வருஷமும் அவளேதான் செய்கிறாள்.

அந்த ஊழியத்துக்காக எந்தக் காலத்திலோ கோயில் விட்ட மானியம், ஏரிக்கு அடியில் அறுபது சென்ட். அதில் விளைகிற ராகிதான் அவளுக்கும் இரண்டு பெண்களுக்கும் சோறு. இப்போது சர்க்காரில் மானிய நிலங்களையெல்லாம் விசாரித்து, ஊழியம் செய்கிறவர் பேருக்கே பட்டா கொடுக்கப் போகிறார்களாம். செய்யவில்லை என்று ஆகிவிட்டால் நிலம் போய்விடுமாம். செய்கிறேன் என்பதற்கு எழுத்தில் ஏதாவது காட்ட வேண்டுமாம். "குதிரையக் காட்டுனா ஆவாதுங்களா?" என்று என்னையே கேட்டாள். எனக்கு மனசு இளகிவிட்டது. நோட்டை எடுத்து அங்கேயே எழுதினேன். எந்த மாசம் மண் எடுப்பது, ஏரியில் எந்த இடத்தில் எடுப்பது, குதிரைக்குக் கண் திறக்கிற அன்றைக்கு யார் கோழி கொடுப்பது எல்லாம் சொன்னாள். தீப்பந்தம் பிடிக்கிறவர், தாரை ஊதுகிறவர், வாசல் தெளிக்கிறவள் என்று மற்ற ஊழியக்காரர்கள் பேரையும் அவளாகவே சொன்னாள். "அவங்களுக்கும் பேரு வரணும் பாருங்க" என்றாள். சரியாக ஒரு பக்கம் வந்தது. பஸ் வந்து நான் ஏறி உட்கார்ந்த பிறகும் ஜன்னலுக்கு நேராக வந்து நின்றாள்.

"எங்க வூட்டுக்கு எழுத்துன்னு ஒண்ணு வந்தா அது உங்க புக்குலதாங்க வரணும். மறந்துறாதீங்க ஐயா."

பதினாறும் பதினாறும்

அச்சு வேலை தெரியாதவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். புத்தகத்தை ஒவ்வொரு பக்கமாக அடிப்பதில்லை. பதினாறு பக்கத்தை ஒரு பெரிய தாளில் சேர்த்து அடித்து, பிறகு மடிப்பார்கள். அதற்குப் பாரம் என்று பேர். எங்கள் புத்தகம் இரண்டு பாரம், முப்பத்திரண்டு பக்கம். எழுத்துக் கோத்து முடித்துவிட்டுக் காதர் பாய் தலையைச் சொறிந்தார். முப்பத்து மூன்று வந்திருந்தது. ஒரு பக்கத்துக்காக மூன்றாவது பாரம் ஓட்ட முடியாது. மூன்று நாளில் கும்பாபிஷேகம்.

எதை வெட்டுவது? நன்கொடை கொடுத்தவர்கள் பட்டியலில் கை வைத்தால் என் கையை வெட்டுவார்கள். அட்டையின் உள்பக்கம் தர்மகர்த்தா படம். விளம்பரம் கொடுத்த கடைக்காரர்கள் சும்மா விடமாட்டார்கள். "ராஜா காட்டுல அலையறது மூணு பக்கம் வருது. ஒரு பக்கம் கம்மியா அலைஞ்சா என்ன?" என்றார் பாய். எனக்குச் சுருக்கென்றது. நான் எழுதியதிலேயே நன்றாக வந்த மூன்று பக்கம் அது! பரீட்சையில் என்னைத் தவறவிட்டவர்கள் ஒரு நாள் படித்துப் பார்த்து வெட்கப்பட வேண்டும் என்று எழுதியது. அச்சகத்துக்குள்ளேயே மேலும் கீழும் நடந்தேன். நடந்துவிட்டு வந்து ஊழியக்காரர்கள் பக்கத்தை எடுத்துப் பாயிடம் கொடுத்தேன். அடுத்த பதிப்பில் போட்டுக்கொள்ளலாம் என்று சமாதானம் வேறு சொல்லிக்கொண்டேன். தல வரலாற்றுக்கு எந்த ஊரிலாவது அடுத்த பதிப்பு வந்து பார்த்திருக்கிறீர்களா? பாய் என் கையெழுத்துத் தாளின் தலைப்பில் பென்சிலால் '33, இடமில்லை' என்று எழுதி, பழைய தாள்களைக் குத்திவைக்கிற கம்பியில் குத்தினார்.

"வெட்டறது உங்க இஷ்டம் புலவரே. ஆனா இந்தப் புக்குலயே நீங்க பார்த்து எழுதினது இந்த ஒரு பக்கம்தான்."

எந்தப் பக்கமுங்க?

கும்பாபிஷேகத்தன்றைக்குப் புத்தகங்கள் தாம்பாளத்தில் வந்தன. மஞ்சள் தண்ணீர் தெளித்து, ஒவ்வொரு அட்டையிலும் குங்குமம் வைத்து, முனியப்பன் காலடியில் வைத்து எடுத்து, வீட்டுக்கு ஒன்று கொடுத்தார்கள். வாங்கியவர்கள் கண்ணில் ஒற்றி மடியில் கட்டிக்கொண்டார்கள். பிரித்துப் பார்த்த நாலைந்து பேரும் நன்கொடைப் பட்டியலில் தங்கள் பேரைப் பார்த்துவிட்டு மூடிவிட்டார்கள். எழுதுகிறவர்களே, இந்த வலி உங்களுக்குத் தெரியும். நல்லவேளையாகப் பள்ளிக்கூட வாத்தியார் ஒருத்தர் மைக்கைப் பிடித்து ராஜா கதையை மட்டும் உரக்கப் படித்தார். கூட்டம் மூச்சுவிடாமல் கேட்டது. நான் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றேன், கூட்டத்தில் காவேரியம்மா தலை தெரிகிற வரைக்கும்.

அதற்கப்புறம் ஒரு இடத்தில் நிற்கவில்லை. ஹோமப் புகைக்குள் போனேன், சமையல் கொட்டகைக்குப் போனேன், பந்திக்குப் போனேன். பந்தியில் பிடித்துவிட்டாள். துவைத்து மடித்த புடவை கட்டியிருந்தாள், முகமெல்லாம் சிரிப்பு. "ராஜா அவரு கையால மண்ணு பிசைஞ்சாருங்களா! இத்தனை நாளு இது தெரியாமயே பண்ணிட்டிருந்தனே!" என்றாள். பிறகு புத்தகத்தை இரண்டு கையாலும் நீட்டி, "எங்களுது எந்தப் பக்கமுங்க?" என்றாள். அவளுக்குப் படிக்கத் தெரியாது. இல்லை என்று அப்போதே சொல்லியிருக்கலாம். சொல்லியிருந்தால் அவள் வேறு வழி பார்த்திருப்பாள். அந்த முகத்தைப் பார்த்துச் சொல்ல எனக்குத் துப்பில்லை. வாயில் வந்த நம்பரைச் சொன்னேன்.

"பதினேழு. சரிங்க. மஞ்சத் துணியில சுத்தி வெச்சுடறேன். ஆபீசர் கையாலதான் பிரிக்கணும்."

அதியமான்கோட்டைப் பக்கம் ஒரு பெருமாள்

அன்றைக்கு ராத்திரி பதினேழாம் பக்கத்தில் என்ன இருக்கிறது என்று வீட்டுக்கு வந்து பார்த்தேன். மூக்குப்பொடி விளம்பரம். நடுப்பக்கம் வேண்டும் என்று கேட்டு வாங்கியவர்கள். கண்ணை மூடினால் மூக்குப்பொடி டப்பா தெரிந்தது.

அந்தச் சமயத்தில்தான் அதியமான்கோட்டைப் பக்கம் ஒரு பெருமாள் கோயில் வேலை வந்தது. குற்றமுள்ள நெஞ்சு சும்மா இருக்குமா? போன உடனே பெருமாளை விட்டுவிட்டு, கோயிலில் யார் யார் என்ன வேலை செய்கிறார்கள் என்று விசாரிக்க ஆரம்பித்தேன். பூ கட்டுகிறவர், திரி திரிக்கிறவர், வாசல் கூட்டுகிறவள், கருடன் சிலைக்கு எண்ணெய் பூசுகிறவர், அவருடைய மச்சான் என்று ஒருத்தரையும் விடவில்லை. பேர், அப்பா பேர், எத்தனை தலைமுறை, என்ன மானியம், நாலு எல்லை எல்லாம் எழுதிவிட்டேன். புரூப்பைப் பார்த்த கமிட்டித் தலைவர் பேனாவை மேசையில் வீசினார்.

"பெருமாளுக்கு நாலு பக்கம், வாசல் கூட்டறவளுக்கு ஆறு பக்கமா? யாருக்குய்யா கும்பாபிஷேகம்?"

பசைக் கிண்ணம்

மாரண்டஹள்ளி பஸ் கண்டக்டர் ஒரு நாள் பேச்சுவாக்கில் சொன்னார், அடுத்த வாரம் அந்த ஊருக்கு மானிய விசாரணைக்குத் தாசில்தார் வருகிறாராம். பாயிடம் ஓடினேன். அவர் ஒன்றும் கேட்காமல் கையகலத்துக்கு ஒரு துண்டுச்சீட்டு அடித்துக் கொடுத்தார். 'விட்டுப்போனது' என்று தலைப்பு, அதன் கீழ் ஊழியக்காரர்கள் பேர். சீட்டுக் கட்டும் மைதாப் பசையும் எடுத்துக்கொண்டு அடுத்த நாளே பஸ் ஏறினேன். வீடு வீடாகப் போய்ப் புத்தகத்தில் ஒட்டிவிட்டு வந்துவிடலாம் என்று எனக்கு நினைப்பு.

முதல் வீட்டிலேயே தெரிந்துவிட்டது. புத்தகம் சாமி படத்துக்குப் பக்கத்தில் இருந்தது. தினம் பூ வைத்து, பொட்டு வைத்து, சாம்பிராணி காட்டி, அட்டைப் படத்தில் ராஜாவும் தெரியவில்லை, குதிரையும் தெரியவில்லை. கன்னடம் பேசுகிற வீடு அது. பசைக் கிண்ணத்தைப் பார்த்ததும் அந்த அம்மா, "பேடா சாமி, பேடா!" என்று, வேண்டவே வேண்டாம் என்று குறுக்கே கையை நீட்டி மறித்துவிட்டாள். அடுத்த வீட்டில், சாமி புக்கில் பசை தடவினால் பிள்ளைகளுக்கு ஆகாது என்றார்கள். அதற்கடுத்த வீட்டில் குளித்துவிட்டு வந்தீர்களா என்று கேட்டார்கள். நாலே நாலு புத்தகத்தில் ஒட்டினேன், அதில் இரண்டு டீக்கடையில் கிடந்தவை. காவேரியம்மா வீட்டுப் பக்கம் மட்டும் போகவில்லை, மூட்டையைப் பிரிக்கச் சொன்னால் பதினேழு பொய் என்று சொல்ல வேண்டுமே. அப்புறம்தான் எனக்குப் புத்தி வந்து, இந்த நிலம் போனால் யாருக்கு லாபம் என்று யோசித்து, அந்த அறுபது சென்ட்டுக்கு மேற்கே யார் நிலம் என்று விசாரித்தேன். தர்மகர்த்தா நிலம்.

அவர் வீட்டுக்கே போனேன். அப்போதும் மோர் கொடுத்தார். நீங்கள் ஒரு வார்த்தை சொன்னால் எல்லாரும் ஒட்டவிடுவார்கள் என்று கெஞ்சினேன். ஒரு பொம்பளைக்குச் சோற்று வழி என்றேன். "ஆம்பளை இல்லாத வூட்டுல ஏதுங்க ஊழியம்? அதான் நீங்களே புக்குல போடாம வுட்டுட்டீங்களே" என்றார். நான் இடமில்லாமல் வெட்டியதை எனக்கே எடுத்து நீட்டினார் பாருங்கள். திருத்தத்தானே வந்திருக்கிறேன் என்றேன். சிரித்துக்கொண்டே எழுந்தார்.

"கும்பாபிஷேகம் ஆன கோயில்ல கல்லு மாத்தறதுண்டுங்களா? புக்கும் அப்படித்தான். பன்னண்டு வருசம் கழிச்சு அடுத்த கும்பாபிஷேகத்துக்குப் பாத்துக்கலாம்."

பதினேழாம் பக்கம்

விசாரணை பள்ளிக்கூடத்தில் நடந்தது. காலையிலேயே நான் போய்விட்டேன். சட்டைப் பையில் அந்தக் கையெழுத்துத் தாள், கம்பி குத்திய ஓட்டையோடு. கிளம்பும்போது பாய்தான் உருவிக் கொடுத்தார். காவேரியம்மா தாசில்தார் மேசையில் மஞ்சள் துணி மூட்டையை வைத்துக் கும்பிட்டாள். "பதினேழாம் பக்கமுங்க" என்றாள். அவர் பிரித்தார். பார்த்தார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மறுபடி மாட்டிப் பார்த்தார். பிறகு புத்தகத்தைக் கூட்டத்தின் பக்கமாகத் திருப்பிக் காட்டினார். சிரிப்பு ஜன்னல் வழியாக வெளியே போய், அங்கே நின்றவர்களும் சிரித்தார்கள். என்ன நடக்கிறது என்று தெரியாமல் காவேரியம்மாவும் கொஞ்சம் சிரித்தாள். அதைப் பார்த்ததும் நான் எழுந்துவிட்டேன். எப்படி எழுந்தேன் என்று தெரியாது.

"ஐயா, அவங்களுக்குப் பதினேழுன்னு சொன்னவன் நான். பொய் சொன்னேன். அவங்க பக்கத்தை வெட்டினவனும் நான்" என்று தாளை நீட்டினேன். தர்மகர்த்தா விடவில்லை. "இவரு நேத்து எழுதிட்டு வந்திருப்பாருங்க. அச்சுல இருக்கறதா, கையில எழுதினதா, எதுங்க செல்லும்?" என்றார். நியாயமான கேள்விதான். தாசில்தார் பென்சில் எழுத்தையும் ஓட்டையையும் பார்த்துவிட்டு, "அப்ப அச்சுல இருக்கறது எல்லாம் நிஜம், இல்லையா?" என்று என்னிடம் திரும்பினார். நான் ஆமாம் என்றால் காவேரியம்மா போச்சு. இல்லை என்றால் என் பிழைப்பு போச்சு. எனக்கும் வீட்டில் நாலு வாய் இருக்கிறது.

"இல்லீங்க. ராஜா கதை நான் கட்டினது. குதிரை தொலைஞ்சது, கிடைச்சது, ராஜா மண்ணு பிசைஞ்சது, எல்லாம் இந்த ஊர்ல மோர் குடிச்சுக்கிட்டே கட்டினேன். ஆயிரம் வருசம் போட்டது, பக்கத்து ஊருக்கு எண்ணூறு போட்டதால. நான் கேட்டு, பார்த்து எழுதினது இந்தத் தாள் ஒண்ணுதான்." தாசில்தார் கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். பிறகு எழுந்து கோயிலுக்கு நடந்தார். உடைந்த பழைய குதிரையிலிருந்து பளபளவென்று நின்ற புதுக் குதிரை வரைக்கும் வரிசை முழுக்கப் பார்த்தார். கடைசி ஆறு ஜோடியைச் செய்தது யார் என்று பந்தம் பிடிக்கிறவரையும் தாரைக்காரரையும் கூப்பிட்டுக் கேட்டார். அவர்கள் முதலில் தர்மகர்த்தா முகத்தைப் பார்த்தார்கள். அப்புறம் காவேரியம்மா என்று சொல்லிவிட்டார்கள். எழுதிக்கொண்டு ஜீப்பில் ஏறினார். தர்மகர்த்தா பஸ் நிறுத்தம் வரைக்கும் என்னோடு வந்தார், கோபமாகக்கூட இல்லை.

"இனிமே இந்தத் தாலுக்காவுல எந்தச் சாமியும் உங்கள உள்ள வுடாது புலவரே."

பட்டாவோடு வந்தவள்

சொன்னபடிதான் நடந்தது. ஒரு ஊரும் என்னைக் கூப்பிடவில்லை. கல்யாணப் பத்திரிகைக்குப் புரூப் திருத்திக்கொண்டு ஸ்டூலில் உட்கார்ந்திருந்தேன், அதாவது பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை எழுந்து வாசலுக்குப் போய் வந்துகொண்டிருந்தேன். சில மாதம் கழித்து ஒரு மத்தியானம் காவேரியம்மா அச்சகத்துக்கு வந்தாள். கையில் ஒரு பை நிலக்கடலை, மடியில் பட்டா. பாய் வாங்கிப் படித்துக் காட்டினார். காவேரியம்மாள், அறுபது சென்ட் என்று அவர் படித்தபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது. பிழைப்பு போனதெல்லாம் அந்த நிமிஷம் மறந்தே போச்சு. டீ வாங்கிக் கொடுத்தேன். குடித்து முடித்தும் அவள் கிளம்பவில்லை. புடவைத் தலைப்பைத் திருகிக்கொண்டே நின்றாள்.

"ஐயா, ஒண்ணு கேக்கலாமுங்களா? அன்னைக்கு ஆபீசருகிட்ட, ராஜா கதை நீங்க கட்டுனதுன்னு சொன்னீங்களே. அது எனக்கு நெலம் வரணும்னு எனக்காவச் சொன்ன பொய்யிதானுங்களே?"

பாயைப் பார்த்தேன். அவர் குனிந்து எழுத்துப் பெட்டியில் எதையோ தேடினார். இல்லையம்மா, கதைதான் பொய், நான் அன்றைக்குச் சொன்னதுதான் நிஜம் என்று வாய்வரை வந்தது. பந்தியில் புத்தகத்தை நீட்டியபோது இருந்த அதே முகம். அன்றைக்கு அந்த முகத்தைப் பார்த்து நிஜத்தைச் சொல்ல முடியாமல் எத்தனை கெடுத்தேன் என்று எனக்குத் தெரியாதா? தெரிந்தும் இந்தத் தடவையும் நாக்கு எழவில்லை. தலையை ஆட்டினேனா, சும்மா நின்றேனா, இன்றைக்கு வரைக்கும் எனக்கே நிச்சயமில்லை. அவளுக்கு அதுவே போதுமாக இருந்தது. பெரிய மூச்சு விட்டாள். பையை என் ஸ்டூல் மேல் வைத்தாள்.

"எனக்குத் தெரியுமுங்க. ஆனா நெலத்துக்காவ ராஜாவையே இல்லேன்னுட்டீங்களே, அது பாவமுங்க. நீங்க ஒண்ணும் கவலைப்படாதீங்க. இந்த ஆடிக்குக் குதிரையோட ராஜாவையும் ஒண்ணு பண்ணி வெச்சு, உங்களுக்காவ நானே மன்னிப்புக் கேட்டுக்கறேன்."

அப்படியே செய்தும் விட்டாள், இப்போது அந்தக் கோயில் வாசலில் ஆளுயரத்துக்கு ஒரு மண் ராஜா நிற்கிறான், ஆடிக்கு ஆடி அவனுக்குத் தனிப் பொங்கல் வைக்கிறார்கள், புதிதாக வருகிறவர்களிடம் அவன் கதையைத் தர்மகர்த்தாவே கண் கலங்கச் சொல்கிறாராம், நான் எழுதிய அத்தனை புத்தகங்களிலும் சர்க்கார் முன்னால் நின்று பொய் என்று ஒப்புக்கொண்ட அந்த ஒன்றுதான் நின்று நிலைத்திருக்கிறது.